வெள்ளைக் கோட்டுக்காரன்

சிபோங்கா, செபு
ஏப்ரல் 9, 1940

இலுமி,

உன் கடிதம் வந்தது. அதைக் கடிதம் என்று சொல்லலாமா என்றுதான் தெரியவில்லை. கப்பல் நன்றாகப் போனது, வாந்தி எடுக்கவில்லை, விடுதி சுத்தமாக இருக்கிறது, மணிலாவில் வெயில் அதிகம். அவ்வளவுதான் உன் சமாச்சாரம். மீதி முழுக்க ஆசிரியர் திமாயுகா. அவர் வகுப்புக்குள் வந்தால் ஊசி விழுந்தால் கேட்குமாம். அவர் தகலோக் பேசினால் கேட்டுக்கொண்டே இருக்கலாமாம். தினமும் வெள்ளைக் கோட்டில்தான் வருகிறாராம், ஒரு கறை கிடையாதாம். ஒருத்தன் கோட்டில் கறை இருக்கிறதா இல்லையா என்பது தேசிய மொழிப் பயிற்சியில் எந்தப் பாடத்தில் வருகிறது?

நான் நலம். நீ கேட்கவில்லை, நானாகச் சொல்கிறேன். சோளச்சோறு நானே பொங்குகிறேன், தினமும் அடிப்பிடிக்கிறது. நகராட்சி அலுவலகத்தில் என் மேஜையைத் தாண்டிப் போகிறவன் எல்லாம் ஒரு வார்த்தை சொல்லிவிட்டுத்தான் போகிறான். நேற்று தபால்காரன் மாக்சிமோ, "ஏன்டா தெரோய், பொண்டாட்டி திரும்பி வந்ததும் அவகிட்டப் பேசறதுக்கு ஒரு துபாஷி வச்சுக்குவியா?" என்று கேட்டான். எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்து வைத்தேன்.

உன்மேல் கோபமில்லை. இத்தனை வருடம் எட்டிலிருந்து நாலு வரைக்கும் இங்கிலீஷ் உன்னை எடுத்துக்கொண்டது, பொறுத்துக்கொண்டேன். பள்ளிக்கூடத்தில் நம் பிசயாவில் பேசிய பிள்ளைக்கு நீயே தண்டனை கொடுத்துவிட்டு வீட்டுக்கு வந்து பிசயாவில் புலம்புவாய். அந்தப் புலம்பலாவது என் பங்குக்கு மிஞ்சியது. இப்போது மணிலாக்காரன் தகலோக்தான் தேசத்துக்கே மொழி என்று மணிலாவில் உட்கார்ந்து முடிவு செய்துவிட்டார்கள். தலையை எண்ணினால் நாம்தான் அதிகம். நம்மை எவன் கேட்டான்?

போகட்டும். மே பதினைந்து சான் இசித்ரோ திருவிழா. கிடார் சத்தம் கேட்டதும் நீயும் நானும் களத்தில் இறங்கி, நான் கெஞ்ச நீ விரட்ட, வாய்க்கு வந்ததை அங்கேயே பாட்டாகக் கட்டி ஆடுவோமே, அந்தப் பலித்தாவ் இல்லாமல் இந்த ஊரில் திருவிழா நடந்ததில்லை. கல்யாணத்துக்கு முன்னாலிருந்தே ஒரு வருடம்கூட நாம் விட்டதில்லை. இந்த வருடம் யார் எதிரே நின்று நான் கெஞ்சுவது? அதையும் திமாயுகாவிடமே கேட்டு எழுது.

ஜூன் முதல் வாரம் வந்துவிடுவேன் என்று துறையில் நின்று சொன்னாய். ஞாபகம் இருக்கட்டும்.

தெரோய்


சம்பாலோக், மணிலா
ஏப்ரல் 20, 1940

என் பொறாமைக்காரனுக்கு,

உன் கடிதத்தை விடுதியில் வாய்விட்டுப் படித்தேன். பக்கத்துக் கட்டில் இலோக்கோஸ்காரி ஆங்கேலினாவுக்குப் பிசயா ஒரு வார்த்தை தெரியாது. கேட்டுவிட்டு, "உன் வீட்டுக்காரர் என்ன, ரொம்பக் கோவமா இருக்காரா?" என்கிறாள். குரலை வைத்தே கண்டுபிடித்துவிட்டாள்.

இங்கே எல்லாத் தீவிலிருந்தும் வாத்தியார்களும் டீச்சர்களும் வந்திருக்கிறோம். எல்லாரும் ஊரில் அதட்டி உருட்டுகிறவர்கள். இங்கே ஒன்றாம் வகுப்புப் பிள்ளைகள் மாதிரி உட்கார்ந்து, "இது என் மூக்கு, இது என் காது" என்று கோரஸாகச் சொல்கிறோம். இலோயிலோக்காரி பேசினால் தாலாட்டு மாதிரி இருக்கிறது. நான் பேசினால் மீன் விற்கிற மாதிரி இருக்கிறதாம், திமாயுகா சொன்னார். "விக்கிற மீனு நல்ல மீனா இருந்தா கூவித்தானே விக்கணும் சார்" என்றேன், தகலோக்கிலேயே. வகுப்பு முழுக்கச் சிரித்தது. அவரும்தான்.

அன்றைக்கே என்னைத் தேர்ந்தெடுத்துவிட்டார். இருபத்தெட்டாம் தேதி சாயங்காலம் ரேடியோவில் கவிவாதம். தகலோக்கில், மேடையில் நின்று, கேட்ட மாத்திரத்தில் கட்டிச் சொல்லவேண்டும். 'ஊர்ப்பெண்ணா பட்டணத்துப் பெண்ணா' என்பது தலைப்பு. எனக்கு எதிராக அவர்தான் நிற்கிறார். பயமாக இருக்கிறது தெரோய், ஆனால் நன்றாகவும் இருக்கிறது. முடிந்தால் மருந்துக்கடை ரேடியோவில் போய்க் கேள்.

இந்த மொழியை நான் கேட்டு வாங்கவில்லை. அரசாங்கம் போகச் சொன்னது, வந்தேன். வந்தபிறகு பார்த்தால் எனக்கு அது வருகிறது. வருகிற ஒன்றை வரவில்லை என்று நடிக்கட்டுமா, உன் மனசு குளிர?

திருவிழாவுக்கு தியோனிசியாவைக் கூப்பிட்டுக்கொள். அவளுக்குப் பாட்டு சுமாராக வரும், ஆனால் அவள் இடுப்பை ஆட்டுகிற ஆட்டத்துக்குப் பாட்டை யார் கேட்கப்போகிறார்கள். ஒன்றே ஒன்று. வலை வீசுகிற பாட்டை அவளோடு பாடாதே. அது நம்முடையது. பாடினாய் என்று தெரிந்தால் மணிலாவிலிருந்தே உன் காதைத் திருகுவேன்.

சோளத்தில் தண்ணீர் அதிகம் வை, அடுப்பைக் குறை. இங்கே மூன்று வேளையும் அரிசிச்சோறுதான். வயிறு நிறைகிறது, சாப்பிட்ட மாதிரியே இல்லை.

இலுமி


சிபோங்கா
மே 1, 1940

இலுமி,

கேட்டேன். நான் மட்டுமா, பாதி ஊர் கேட்டது. மருந்துக்கடை வாசலில் பெஞ்சு போட்டு, ரேடியோவைத் தெருப்பக்கம் திருப்பி வைத்திருந்தார்கள். உன் அம்மா புது உடுப்பு உடுத்தி முதல் வரிசையில் உட்கார்ந்திருந்தாள், நீ ரேடியோவுக்குள் இருந்து பார்ப்பாய் என்று நினைத்தாளோ என்னவோ.

பாதிதான் புரிந்தது. புரிந்த பாதியில் நீதான் ஜெயித்தாய். ஊர் கைதட்டியது. உன் அண்ணன் அந்தோய் எல்லாருக்கும் கள் வாங்கி ஊற்றினான். சந்தோஷமா?

ஒன்று சொல்கிறேன், கோபித்துக்கொள்ளாதே. கோபித்தாலும் பரவாயில்லை. அந்த ஆள் ஏதோ சொன்னான், நீ பதில் சொல்வதற்கு முன்னால் சிரித்தாய். மூக்கால் மூச்சை இழுத்து, அடக்கப் பார்த்து, அடங்காமல் வருமே, அந்தச் சிரிப்பு. அது களத்தில் என் எதிரே நிற்கும்போது மட்டும் வருகிற சிரிப்பு என்று நான் நினைத்துக்கொண்டிருந்தேன். நான் ஏதாவது ஏடாகூடமாகக் கட்டிவிட்டு, உனக்கு அதைவிடப் பெரிதாக ஒன்று தோன்றும்போது வருவது. அதை மருந்துக்கடை வாசலில், மாக்சிமோ பக்கத்தில் உட்கார்ந்து, இன்னொருத்தன் சொன்னதற்கு நீ சிரித்துக் கேட்டேன். என்ன சொன்னான் என்றுகூட எனக்குப் புரியவில்லை.

வயிறு எரிகிறது இலுமி. மறைப்பானேன். அவனோடு ஓடிவிடுவாய் என்று பயமில்லை. நீ சொன்ன பதில் எனக்குப் பாதிதான் புரிந்தது, அவனுக்கு முழுக்கப் புரிந்தது. அதுதான்.

அவனுக்கு வயதென்ன? இரண்டு கடிதத்தில் கோட்டு, குரல், கையெழுத்து எல்லாம் எழுதிவிட்டாய். வயதை மட்டும் எழுதவில்லை.

தெரோய்


மணிலா
மே 10, 1940

தெரோய்,

நாற்பத்து நாலு. கல்யாணமானவர். பெண்டாட்டி நன்றாகச் சமைக்கிறாள், ஞாயிற்றுக்கிழமை எங்கள் எல்லாரையும் கூப்பிட்டு அதோபோ கறி செய்து போட்டாள். போதுமா? அவளுக்கும் என் சிரிப்புப் பிடிக்கிறதாம்.

நானும் கேட்கிறேன். தியோனிசியா தினமும் சாயங்காலம் நம் வீட்டுக்கு வந்து ஒத்திகை பார்க்கிறாளாமே. அம்மா எழுதினாள். ஒத்திகை பார்த்து ஆடுவதற்குப் பெயர் பலித்தாவா? என்னோடு என்றைக்காவது ஒத்திகை பார்த்திருக்கிறாயா? அவளுக்கு என் பாவாடையைக் கொடுத்தாயா? சிவப்புக் கோடு போட்டதைக் கொடுத்திருந்தால் நான் வரும்போது வீட்டில் அது இருக்கக்கூடாது.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். சுற்றி வளைக்கத் தெரியவில்லை. பயிற்சி முடிந்ததும் இங்கேயே இருந்து, அடுத்து வருகிற பிசயா ஆசிரியர்களுக்குச் சொல்லிக்கொடுக்க என்னைக் கேட்கிறார்கள். இரண்டு வருடம். பிசயாக்காரிக்குத்தான் பிசயாக்காரர் எங்கே தடுமாறுவார்கள் என்று தெரியும் என்கிறார்கள். மாதக் கடைசிக்குள் சொல்லவேண்டும்.

எனக்கு ஆசையாக இருக்கிறது. உன்னிடம் பொய் சொல்லி என்ன ஆகப்போகிறது. ஆனால் நீ வேண்டாம் என்றால் வேண்டாம் என்பதற்கு ஒரு காரணம் சொல். திமாயுகாவைச் சொல்லாதே, அது காரணமில்லை. நீயும் வரலாம். இங்கே நகராட்சி இல்லையா, எழுத்தர் வேலை இல்லையா? யோசித்து எழுது. இந்த ஒரு தடவை கேலி வேண்டாம், ஆமாம் இல்லை என்று எழுது.

இலுமி


சிபோங்கா
மே 17, 1940

இலுமி,

திருவிழா முடிந்தது. நீ பார்த்திருக்க வேண்டும்.

தியோனிசியா நீலப் பாவாடையில் வந்தாள், அது அவளுடையதே. முதல் இரண்டு பாட்டு வழக்கம்போல் நான் கெஞ்சினேன், அவள் விரட்டினாள். விரட்டல் சப்பென்று இருந்தது. உன் கடிதம் சட்டைப்பைக்குள் இருந்தது, இரண்டு வருடம் இரண்டு வருடம் என்று அது உள்ளே இருந்துகொண்டு என்னைக் குடைந்தது. மூன்றாவது பாட்டில் அவளை விட்டுவிட்டேன். கிடார்க்காரனிடம் மெதுவாக வாசி என்று கை காட்டிவிட்டு, எதிரே யாருமே இல்லாத மாதிரி நின்று பாடினேன்:

வடக்கேயிருந்து வந்தானய்யா
வெள்ளைக் கோட்டுக்காரன்,
வாய்நிறையத் தேனை வச்சு
வாசலிலே நின்னான்.
வளையல் தர்றேன் வர்றியான்னான்,
வார்த்தை தர்றேன் வர்றியான்னான்,
வளையலுக்கு மசியாதவள்
வார்த்தைக்குப் போயிட்டாளே.

வெள்ளைக் கோட்டுக்காரன் யார் என்று உனக்குத் தெரியும். ஆள் இல்லை, அந்த மொழிதான். மணிலாவிலிருந்து கப்பலேறி வந்து வீட்டுக்கு வீடு நுழையப்போகிற அந்தப் பேச்சைத்தான் ஆளாக்கி நிறுத்தினேன். இப்படி ஒன்று இதுவரை எனக்கு அமைந்ததில்லை. முடிந்தபோது யாரும் சிரிக்கவில்லை. பெண்கள் தோள்துணியால் கண்ணைத் துடைத்தார்கள். கிழவர் பாந்தலியோன் வந்து என் தோளைப் பிடித்துக்கொண்டு, "மனசைத் தேத்திக்கடா" என்றார். இத்தனை வருடத்தில் இப்படி ஒரு மரியாதை எனக்குக் கிடைத்ததில்லை. பாட்டு அவர்களுக்குப் புரிந்துவிட்டது இலுமி, மொழிக்காக அழுதார்கள்.

வாரப் பத்திரிகைக்கு அனுப்பப்போகிறேன்.

நீ கேட்டதற்குப் பதில் பாட்டிலேயே இருக்கிறது.

தெரோய்


மணிலா
மே 26, 1940

எலூத்தெரியோவுக்கு,

மொழிக்காக அழுதார்களாம். என் அம்மா படுத்த படுக்கையாகிவிட்டாள். அந்தோய் தந்தி கொடுத்திருக்கிறான், "உடனே வா, அவன் யார்" என்று. தலைமையாசிரியர் மிகவும் மரியாதையாக ஒரு கடிதம் போட்டிருக்கிறார். என் சொந்த விஷயத்தில் தலையிட விரும்பவில்லையாம், ஆனால் பெண்பிள்ளைகளைப் பெற்றவர்கள் வந்து கேட்கிறார்களாம், கணவனை விட்டுப்போன ஆசிரியையிடம் எப்படிப் பிள்ளைகளை அனுப்புவது என்று. மணிலாவில் ஒரு வாத்தியாரோடு நான் குடித்தனம் நடத்துவதாக ஊரே பேசுகிறது. வெள்ளைக் கோட்டு என்று அடையாளம்வேறு சொல்லியிருக்கிறாய். நான் உனக்கு ஆசையாக எழுதிய கடிதத்திலிருந்து அந்தக் கோட்டை எடுத்தாய்.

கிழவர் உன் தோளைப் பிடித்தாரே, எதற்கு என்று உனக்குத் தோன்றவே இல்லையா? ஊரில் எல்லாரையும்விடப் புத்திசாலி நீ. கைதட்டல் கேட்டால் உன் காது அடைத்துப்போகும்.

ஆட்டத்தில் சொன்னது ஆட்டத்தோடு போச்சு என்று நீ எழுதுவாய், தெரியும். அது எதிரே நின்று பதில் சொல்ல ஒருத்தி இருக்கும்போது. நான் அங்கே இருந்திருந்தால் அந்தக் கோட்டைக் கிழித்து உன் கையில் கொடுத்திருப்பேன், ஊர் சிரித்துக்கொண்டே வீட்டுக்குப் போயிருக்கும். நான் இல்லாத இடத்தில் என்னைப் பாடினாய்.

சொல்லாமல் வைத்திருந்த ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். போன வருடம் பத்திரிகையில் 'எலூத்தெரியோ இயற்றிய பலித்தாவ்' என்று ஒரு பக்கம் முழுக்க வந்ததே. அதில்,

வலையை வீசிப் பிடிக்க நானென்ன
வாளை மீனா, போய்யா,
உலைக்கு அரிசி இல்லாத ஆளுக்கு
உதடு மட்டும் நீளமா?

என்று இருக்கிறதே, அதை இயற்றியது யார்? நீ இயற்றியது கெஞ்சல். விரட்டியது யார்? மூன்று வருடமாக என் பாட்டெல்லாம் உன் பெயரில் அச்சாகிறது. நீ அதைக் கொண்டுவந்து எனக்கே படித்துக் காட்டுவாய், நான் கோழிக்குழம்பு வைத்துக் கொண்டாடினேன். உன்னைப் பார்த்து எனக்கு எவ்வளவு பொறாமை என்று உனக்குத் தெரியுமா? ரேடியோவில் அறிவித்தவன் என் பெயரைச் சொன்னான். முழுப் பெயரையும். அப்போதுதான் எனக்கே உறைத்தது, ஊரில் எனக்குத் தெரோய் பெண்டாட்டி என்பதைத் தவிர வேறு பெயரே இல்லை.

வேலையை ஒத்துக்கொண்டுவிட்டேன். நேற்றுக் கையெழுத்துப் போட்டேன்.

இலுமினாதா


சிபோங்கா
ஜூன் 4, 1940

இலுமி,

நான் ஒத்துக்கொள்ளாமலே கையெழுத்துப் போட்டாய். சரி.

பலித்தாவை எழுதி வைக்கிறவன்தான் பெயர் போடுவான், என் அப்பா காலத்திலிருந்து அதுதான் வழக்கம். எந்தப் பெண் வந்து என் பெயர் எங்கே என்று கேட்டாள்? நீ நினைத்திருந்தால் அன்றைக்கே சொல்லியிருக்கலாம். கோழிக்குழம்பை வைத்துவிட்டு மூன்று வருடம் கழித்து மணிலாவிலிருந்து கணக்குக் கேட்கிறாய். இதுவும் அந்த வகுப்பில் சொல்லிக்கொடுத்ததா?

ஊருக்கு உண்மையைச் சொல்லிப் பார்த்துவிட்டேன். உன் அம்மாவிடம் போய், "அது ஆளே இல்ல, மொழி" என்றேன். அவள், "மொழி எப்படிடா கோட்டு போடும்?" என்று கேட்டு முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டாள். அந்தோய் என் சட்டையைப் பிடித்தான், "என் தங்கச்சிய அசிங்கப்படுத்தறியா, இல்ல அவ பண்ணதுக்குப் பூசி மெழுகறியா, ஏதாவது ஒண்ணு சொல்லு" என்று. மாக்சிமோ என்னிடம் கேலி பேசுவதையே நிறுத்திவிட்டான். உன் கடிதங்களைக் கவிழ்த்து வைத்துக் கொடுக்கிறான். பாதிரியார் பிரசங்கத்தில் பொறுமையான கணவனைப் பற்றிப் பேசினார். நான் என்ன சொன்னாலும், "பாவம், விட்டுக்கொடுக்க மனசில்ல" என்கிறார்கள். தியோனிசியா சோறு கொண்டுவந்தாள், வாசலோடு அனுப்பிவிட்டேன்.

நான் கட்டிய பாட்டுகளிலேயே ஊர் நம்பிய பாட்டு இது ஒன்றுதான்.

திரும்பி வா. நீ வந்து களத்தில் நின்று ஒரு பாட்டு விரட்டினால் எல்லாம் அடங்கிவிடும். இரண்டு வருடம் வேண்டாம் என்று சொல்லிவிடு. ஒரு காரணம் கேட்டாய். எதிரே ஆள் இல்லாமல் எனக்குப் பாட்டு வராது. இதுதான் காரணம். வேறு எனக்குத் தெரியாது.

தெரோய்


மணிலா
ஜூன் 13, 1940

தெரோய்,

நீ சொன்ன காரணம் உனக்கான காரணம். எனக்கானது அதில் எங்கே இருக்கிறது என்று தேடிப் பார்த்தேன்.

உன் பாட்டை அடக்க நான் வேலையை விட்டு வரவேண்டுமா? நீ கிளப்பியதை நீ அடக்கு.

பத்தொன்பதாம் தேதி தேசம் முழுக்க வகுப்புத் தொடங்குகிறது. இங்கே எனக்கும் அன்றைக்கு முதல் வகுப்பு. பாடம் தயார் செய்யவேண்டும். அம்மாவுக்குத் தனியாக எழுதிவிட்டேன்.

இரவில் இன்னமும் எனக்குக் கனவெல்லாம் பிசயாவில்தான் வருகிறது. உனக்குத் தெரியட்டும் என்று எழுதினேன், இதை வைத்துப் பாட்டுக் கட்டாதே.

இலுமினாதா


செபு நகரம்
ஜூன் 22, 1940

இலுமினாதா,

இதைக் கப்பல் கம்பெனி அலுவலகத்துப் பெஞ்சில் உட்கார்ந்து எழுதுகிறேன். நேற்று நகரத்துக்கு வந்து நேராகப் பத்திரிகை ஆசிரியரைப் போய்ப் பார்த்தேன். பழைய பலித்தாவுகளையெல்லாம் திரும்பப் போடுங்கள், பெண் பாட்டுக்கெல்லாம் இலுமினாதா என்று பெயர் போடுங்கள் என்றேன். உன் கடிதத்தைப் படித்துத் திருந்திவிட்டேன் என்று நினைக்காதே. திரும்ப எடுத்துப் படித்துப் பார்த்தேன், உன் பாட்டை மூடிவிட்டால் என் பாட்டில் ஒன்றும் இல்லை. எரிச்சலாக இருந்தது. கொஞ்சநஞ்ச எரிச்சல் இல்லை.

ஆசிரியர் கண்ணாடியைக் கழற்றிவிட்டு என்னைப் பார்த்தார். "தம்பி, உங்க மனசு பெருசு. ஆனா வீட்டை விட்டு ஓடின பொம்பளை பேரை நான் குடும்பப் பத்திரிகைல போட முடியாது. சிபோங்கா சமாச்சாரம் இங்க எல்லாருக்கும் தெரியும். அந்த வெள்ளைக் கோட்டுப் பாட்டை வேணா கொடுங்க, முதல் பக்கத்துல போடறேன்" என்றார்.

கொடுக்கவில்லை. அங்கே என்ன கத்தினேன் என்று உனக்குச் சொல்லமாட்டேன். வெளியே தள்ளிக் கதவைச் சாத்தினார்கள்.

உன் பெயரை நானே எடுத்தேன், இப்போது நானே கொடுத்தாலும் வாங்க ஆளில்லை. ஊரில் இனி நான் வாயைத் திறந்தால் அது உனக்கு எதிராகத்தான் போய் விழுகிறது. அதனால் விடுப்பு எழுதிக் கொடுத்துவிட்டு வந்திருக்கிறேன். நாளைக் கப்பல். உன்னைக் கூட்டிக்கொண்டு வருவதற்கு இல்லை. நீ வரமாட்டாய், அது எனக்கு உறைத்துவிட்டது. எத்தனை நாள் அங்கே இருப்பேன் என்றும் தெரியாது. பொறாமை அப்படியேதான் இருக்கிறது, பெட்டியோடு அதுவும் ஏறுகிறது.

பக்கத்தில் ஒரு பதாங்காஸ்காரர் உட்கார்ந்திருக்கிறார், மாட்டு வியாபாரி. மணிலாவில் இறங்கினால் வழி கேட்க ஒரு வாக்கியம் சொல்லிக்கொடுங்கள் என்றேன். "என் மனைவி எங்கே இருக்கிறாள்?" என்பதைத் தகலோக்கில் சொல்லிக்கொடுத்தார். நாலைந்து தடவை சொல்லிப் பார்த்தேன். பிறகு அதை மாற்றித் தரச் சொன்னேன். "ஏன், மனைவி இல்லையா?" என்று கேட்டார். மனைவிதான், ஆனால் அங்கே அப்படிக் கேட்டால் யாருக்கும் தெரியாது என்றேன்.

இப்போது, "ஆசிரியை இலுமினாதா எங்கே இருக்கிறார்?" என்று கேட்கத் தெரியும். அது மட்டும்தான் தெரியும். அவர்கள் சொல்கிற பதில் எனக்குப் புரியப்போவதில்லை. யாராவது கையை நீட்டிக் காட்டினால் அந்தப் பக்கம் நடப்பேன். காட்டுகிறவன் திமாயுகாவாக மட்டும் இருக்கவேண்டாம்.

தெரோய்